நடராசர் முன் கைகூப்பியவர் பார்த்தது என்ன?

சென்ற ஞாயிற்றுக்கிழமை டெல்லி ஆர்.கே. புரத்தில் நண்பர் வீட்டில் நீங்கள் கேட்ட கேள்விக்கு, எல்லோரும் சாப்பிட எழுந்துவிட்டதால், அரைகுறையாகவே பதில் சொன்னேன். அது மனத்தை உறுத்திக்கொண்டே இருந்தது. ஆகவே இப்போது விரிவாக எழுதுகிறேன்.

கும்பகோணத்திலிருந்து வந்திருந்த உங்கள் அப்பாவை ஜன்பத்தில் உள்ள தேசிய அருங்காட்சியகத்துக்கு அழைத்துச் சென்றீர்கள். சோழர் கால நடராசர் செப்புத் திருமேனியின் முன் வந்ததும் அவர் செருப்பைக் கழற்றி ஓரமாக வைத்துவிட்டுக் கைகூப்பி நின்றார், கண் கலங்கியது. உடன் வந்திருந்த, கலை வரலாறு படித்த உங்கள் தோழி பிறகு உங்களிடம் தனியாக, "அப்பா சாமியைப் பார்த்தார், சிற்பத்தைப் பார்க்கவில்லை" என்றார். அலுவலக நண்பரோ, அணுவுக்குள் நிகழும் ஓயாத ஆட்டத்தைத்தான் சோழச் சிற்பி அன்றே காட்டிவிட்டான் என்றார். மூவரில் யார் சரியாகப் பார்த்தார்கள், சிற்பி நினைத்ததுதான் பொருளா, அல்லது அவரவர்க்குத் தோன்றுவதெல்லாம் பொருளா என்று கேட்டீர்கள்.

பார்ப்பதில் மூவரும் பிழை செய்யவில்லை என்பதே என் கருத்து. ஆனால் பார்த்ததைப் பற்றி வாய் திறந்து ஒன்றைச் சொன்னவுடன் அந்தச் சொல் சிற்பத்துக்குக் கட்டுப்பட்டதாகிவிடுகிறது. கட்டுப்பட்ட சொல்லைச் சோதிக்கலாம், பொருந்தவில்லை என்று காட்டவும் செய்யலாம். "படைத்தவன் நினைத்தது மட்டுமே பொருள்" என்பதும் "அவரவர்க்குத் தோன்றியதே பொருள்" என்பதும் எதிரெதிர் நிலைகள் போலத் தெரிந்தாலும், சிற்பத்தின் எதிரில் நின்று செய்ய வேண்டிய அந்தச் சோதனையைத் தவிர்ப்பதில் இரண்டும் ஒன்றுதான்.

முதலில் சிற்பியின் நினைவை எடுத்துக்கொள்வோம். சுவாமிமலையில் இன்றும் ஸ்தபதிகள் வேலையைத் தொடங்கும்போது, செய்ய வேண்டிய திருமேனியின் உயரத்துக்குத் தென்னை ஓலையை நறுக்கி, தாலம் எனப்படும் சிற்ப அளவுமுறையின்படி மடித்துக்கொள்கிறார்கள். முகம் எவ்வளவு, மார்பு எவ்வளவு, முழங்கால் எங்கே என்பதையெல்லாம் அந்த ஒடியோலையே சொல்லிவிடுகிறது. தேன்மெழுகும் குங்கிலியமும் கலந்த கலவையில் உருவத்தைப் பிடித்து, காவிரி வண்டலைப் பூசி, காயவைத்து, சூட்டில் மெழுகை வெளியேற்றி, அந்த வெற்றிடத்தில் உருக்கிய உலோகத்தை வார்க்கிறார்கள். எந்தக் கையில் துடி, எந்தக் கையில் தீ, எந்தக் கால் ஊன்றியது என்பதை, இறைவனின் உருவத்தை வருணிக்கும் தியான சுலோகம் முன்பே வகுத்துவைத்திருக்கிறது. இப்படிப்பட்ட ஒரு வேலையில் "சிற்பி என்ன நினைத்தார்" என்று கேட்டால், அவர் மனத்துக்குள் பூட்டிவைத்திருந்த ஏதோ ஒரு இரகசியம் விடையாக வராது. ஓலை, சுலோகம், ஆகமம், கோயில், அங்கே கூடும் அடியார்கள் என்று வெளியிலே எல்லார் முன்பாகவும் இருப்பவைதாம் விடையாக வரும். அந்த எல்லைக்குள் நின்றுகொண்டே இடுப்பை எவ்வளவு ஒசிப்பது, தூக்கிய பாதத்தின் விரல்களை எப்படி மலர்த்துவது என்பதில்தான் ஸ்தபதியின் தனித்திறன் வெளிப்படுகிறது; அதையும் நாம் அவருடைய மனத்திலிருந்து அறியவில்லை, உலோகத்திலிருந்துதான் அறிகிறோம்.

மேற்கில் இந்த விவாதம் 20-ஆம் நூற்றாண்டில் சூடுபிடித்தது. விம்சாட், பியர்ட்ஸ்லி என்ற இரு அமெரிக்கர்கள் 1946-ல், ஆசிரியரின் நோக்கத்தைக் கவிதையை மதிப்பிடும் அளவுகோலாகக் கொள்வது பிழை என்று வாதிட்டார்கள். 1967-ல் பிரெஞ்சு விமர்சகர் ரோலான் பார்த், பனுவலின் பொருள் வாசகரிடத்தில்தான் ஒன்றுசேர்கிறது என்ற முடிவுக்கு வந்து ஆசிரியரின் மரணத்தை அறிவித்தார். தமிழ் படித்தவர்களுக்கு இதில் பெரிய அதிர்ச்சி இருக்க வேண்டியதில்லை. செம்மண்ணில் பெய்த நீரைப் பாடியவரின் பெயர் தெரியாதபோது, அந்தத் தொடரையே எடுத்துச் செம்புலப்பெயல்நீரார் என்று அவருக்குச் சூட்டிய மரபு நம்முடையது. பாட்டு முன்னே நிற்க, புலவர் பாட்டிலிருந்து பிறந்தார். ஆனால் அந்தப் பாட்டுக்கு யாரும் எந்தப் பொருளும் சொல்லலாம் என்று அந்த மரபு ஒருபோதும் விட்டுவிடவில்லை. சொற்களை எந்த வரிசையில் கூட்டிப் பொருள்கொள்வது என்பதற்கே பொருள்கோள் என்று ஓர் இலக்கணப் பகுதியை வகுத்து, அதில் எட்டு வகை கண்டது.

உரையாசிரியர்களிடம் நான் மிகவும் மதிக்கும் பழக்கம் ஒன்று உண்டு. தமக்கு உடன்பாடில்லாத பொருளையும் அவர்கள் மறைப்பதில்லை. "இவ்வாறு உரைப்பாரும் உளர்" என்று பதிவுசெய்கிறார்கள். பல இடங்களில் அது ஏன் பொருந்தாது என்பதையும் அடுத்த வரியிலேயே சொல்லிவிடுகிறார்கள். மாற்றுரைக்கு இடமும் உண்டு, அதற்குத் தீர்ப்பும் உண்டு. கலையின் பொருள் பற்றி உலகில் எழுதப்பட்ட பல தடித்த நூல்கள் சென்றடைய முயலும் இடம் இதுதான்.

ஓர் எடுத்துக்காட்டைச் சற்று நெருங்கிப் பார்ப்போம். கணவனைத் தொழுது எழுபவள் பெய் என்றால் மழை பெய்யும் என்று வரும் 55-ஆம் குறள் எல்லோரும் அறிந்தது. பரிமேலழகர் அதைக் கற்பின் ஆற்றலாகக் கொண்டார். 20-ஆம் நூற்றாண்டில் இந்தப் பொருள் பலருக்கு நெருடலாக இருந்ததால், "வேண்டும்போது பெய்யும் மழை போன்றவள்" என்று உவமையாகக் கொள்ளும் உரை எழுந்தது. 'போல' என்பது போன்ற உவம உருபு மறைந்து வருவது தமிழில் இயல்பானது. எனவே இலக்கணம் இந்தப் பொருளைத் தடுக்கவில்லை. இங்கேயே நின்றுவிட்டால், உங்களுக்கு அது, எனக்கு இது என்று பிரிந்துவிடலாம். ஆனால் மணிமேகலையின் சிறைசெய் காதையில் இதே குறள் எடுத்தாளப்படுகிறது. அங்கே மருதி என்ற பெண்ணிடம் நகரின் காவல் தெய்வமான சதுக்கப்பூதம் பேசுகிறது. பொய்யில் புலவனாகிய வள்ளுவரின் பொருளுரையை நீ தெளியவில்லை, அதனால் மழையை ஏவும் ஆற்றல் உனக்கு வாய்க்கவில்லை என்பது அதன் பேச்சின் சாரம். மழை போன்றவள் என்ற பொருள் அந்த இடத்தில் நிற்கவே நிற்காது. குறளுக்குக் கிடைக்கும் மிகப் பழைய வாசிப்புகளில் ஒன்று ஆற்றலைத்தான் பேசுகிறது என்று இதிலிருந்து தெரிகிறது.

இதனால் புதிய உரை பொய் ஆகிவிடுகிறதா? அது நம் காலத்தின் மனச்சான்று குறளோடு பேசும் பேச்சு. அந்த அளவில் அதற்கு மதிப்பு உண்டு. ஆனால் "வள்ளுவர் சொன்னதே இதுதான்" என்று அதை முன்வைக்கும்போது, சான்று எதிராக இருக்கிறது என்று சொல்லியாக வேண்டும். பனுவலின் பொருள் வேறு, அது இன்று நமக்கு எவ்வாறு முக்கியமாகிறது என்பது வேறு என்று ஹெர்ஷ் என்ற அறிஞர் 1967-ல் செய்த பிரிவினை இங்கே உதவுகிறது. எல்லா இடத்திலும் அந்தக் கோட்டைத் தெளிவாகக் கிழிக்க முடியாது என்றாலும், கோடு இருக்கிறது என்ற நினைவாவது வேண்டும்.

உங்கள் அலுவலக நண்பரின் கூற்றுக்கு விடை இதிலேயே அடங்கியிருக்கிறது. ஜெனிவா அருகே உள்ள சேர்ன் அணுத்துகள் ஆய்வு மையத்தில், இந்தியா வழங்கிய இரண்டு மீட்டர் உயர நடராசர் 2004 முதல் நிற்கிறார். இயற்பியலாளர்கள் அந்த ஆட்டத்தில் தங்கள் துறையின் ஓர் உருவகத்தைக் காண்பது அழகானது. சிற்பத்தின் வட்டச் சுழற்சியும், படைப்பும் அழிவும் ஒரே உடலின் இரு கைகளில் இருப்பதும் அந்த உருவகத்தை உண்மையாகவே தாங்குகின்றன. ஆனால் சோழச் சிற்பி அணுவை அறிந்திருந்தார் என்பது வரலாற்றுக் கூற்று. அதற்குத் தியான சுலோகத்திலோ, சைவ நூல்களிலோ, சிற்பத்தின் எந்த உறுப்பிலோ சான்று இல்லை. இவ்வாறு சொல்வது நடராசருக்குப் பெருமை சேர்ப்பதாக நினைக்கிறோம். ஆனால் அவருடைய பெருமைக்கு இயற்பியலின் சான்றிதழ் தேவை என்று நாமே ஒப்புக்கொண்டதாகத்தான் அது முடிகிறது. எனக்கு இது வருத்தம் தருகிறது.

ஓவியத்திலும் இத்தகைய வழக்கு ஒன்று புகழ்பெற்றது. வான்கா வரைந்த ஒரு ஜோடிப் பழைய காலணிகளைப் பார்த்து ஜெர்மானியத் தத்துவவாதி ஹைடெகர், 1930-களின் நடுவில், அவை ஒரு குடியானவப் பெண்ணின் காலணிகள் என்று கொண்டு, வயலின் ஈரம், அந்திநேரத் தனிமை, உணவைப் பற்றிய கவலை ஆகியவற்றை அவற்றிலிருந்து எடுத்துப் பேசினார். அந்தக் காலணிகளில் மண்கட்டிகூட ஒட்டியிருக்கவில்லை என்று அவரே எழுதியிருக்கிறார். 1968-ல் மேயர் ஷாப்பிரோ என்ற கலை வரலாற்றாசிரியர், அவை நகரத்தில் வாழ்ந்த ஓவியரின் சொந்தக் காலணிகள் என்று வாதிட்டார். மண்ணையும் உழைப்பையும் பற்றி ஹைடெகர் சொன்னதன் ஆழம் இதனால் அழிந்துவிடவில்லை. ஆனால் அந்த ஆழம் ஓவியத்திலிருந்து வந்ததா, அவர் கையோடு கொண்டுவந்து ஓவியத்தின் மேல் ஊற்றியதா என்ற ஐயம் அதன்பின் நீங்கவே இல்லை.

இனி உங்கள் தோழியின் சொல்லுக்கு வருகிறேன். அதைத்தான் நான் அதிகம் யோசித்தேன். படித்தவர்களாகிய நாம் எல்லோரும் எளிதில் சொல்லிவிடக்கூடிய சொல் அது. சாமியைப் பார்த்ததால் சிற்பத்தைப் பார்க்கவில்லை என்பதில், விளக்கொளியில் தனித்து நிற்கும் வெற்று உலோகமே உண்மையான பொருள், மற்றதெல்லாம் அதன்மேல் படிந்த நம்பிக்கை என்ற எண்ணம் ஒளிந்திருக்கிறது. அடுத்த முறை போகும்போது உற்சவத் திருமேனிகளின் பீடத்தைப் பாருங்கள். தண்டு கோத்துத் தோளில் சுமப்பதற்கான துளைகளோ வளையங்களோ இருக்கும். அசையாமல் நிற்பதற்காக அவை வார்க்கப்படவில்லை. பட்டும் மாலையும் சாத்தி, முகமும் கைகளும் பாதமும் மட்டும் தெரிய, தீவட்டி வெளிச்சத்தில் வீதியில் அசைந்து வருவதற்காக வார்க்கப்பட்டவை அவை. இன்று நாம் வியக்கும் இடையின் வளைவையும் முதுகின் சரிவையும் பல நூற்றாண்டுகள் பெரும்பாலான அடியார்கள் பார்த்ததே இல்லை. அபிஷேக நேரத்தில் கொஞ்சம் பார்த்திருப்பார்கள். ஆகவே அருங்காட்சியகம் தருவதும் ஓர் உரைதான். ஆடையை நீக்கி, வீதியிலிருந்து பிரித்து, "இதை வடிவமாகப் பார்" என்று அது உரை சொல்கிறது. அந்த உரையால் நமக்குக் கிடைத்தவை ஏராளம். அதை நான் குறைத்துச் சொல்லவில்லை. அதுவும் "உரைப்பாரும் உளர்" என்ற வரிசையில் ஒன்று என்பதைத்தான் நினைவூட்டுகிறேன்.

அதே கட்டடத்தில், மொகஞ்சதாரோவில் 1926-ல் கிடைத்த 10.5 செ.மீ. உயர வெண்கலப் பெண் உருவம் இருக்கிறது. வலக்கை இடுப்பில் ஊன்றியிருக்கிறது; இடக்கை முழுவதும் வளையல்கள்; பாதங்கள் இல்லை. அவள் ஆடுகிறாள் என்பதற்கு உருவத்தில் உறுதியான தடயம் எதுவும் இல்லை. ஆயினும் "நடனமாது" என்ற பெயர்ப்பலகையைப் படித்துவிட்டு நிமிர்பவர்கள் எல்லோருக்கும் அவள் ஆடத் தொடங்கிவிடுகிறாள். ஒரு சொல் கண்ணை எவ்வளவு தூரம் இழுத்துச் செல்லும் என்பதற்கு இதைவிடச் சிறிய சான்று வேண்டாம்.

உங்கள் அப்பாவுக்கு நிகழ்ந்ததை விளக்கத் தொல்காப்பியத்தின் மெய்ப்பாடு என்ற சொல்லே போதுமானது. உள்ளத்து உணர்வு உடம்பின்வழி வெளிப்படுவதே மெய்ப்பாடு. கண்ணீரும் கூப்பிய கையும் அவர் சிற்பத்தைத் தவறவிட்டதற்கு அடையாளங்கள் அல்ல. சிற்பம் எதற்காகச் செய்யப்பட்டதோ அது அவரிடத்தில் நடந்தேறியது என்பதற்கு அடையாளங்கள். என்றாலும் கலங்கிய கண் எதையும் கூர்ந்து பார்த்திருக்காது என்று உங்கள் தோழி நினைக்கலாம். அவருக்காகவே பின்வருவதை எழுதுகிறேன்.

நடராசர் என்றதும் இன்று நாம் சொல்லும் ஐந்தொழில் விளக்கம் உண்மை விளக்கம் என்ற சைவ சித்தாந்த நூலில் தெளிவாக இருக்கிறது: துடியில் படைப்பு, அஞ்சேல் என்று அமைத்த கையில் காத்தல், தீயில் அழித்தல், ஊன்றிய பாதத்தில் மறைத்தல், தூக்கிய பாதத்தில் அருளல். ஈழத் தமிழரான முத்துக்குமாரசாமியின் மகன் ஆனந்த குமாரசாமி, 1918-ல் வெளிவந்த தம் நூலில் இந்த நூலை மேற்கோள் காட்டி எழுதிய கட்டுரைதான் உலகம் நடராசரைப் பார்க்கும் பார்வையை அமைத்தது. 1999-ல் பத்மா கைமல் என்ற கலை வரலாற்றாசிரியர் ஒரு நியாயமான வினாவை எழுப்பினார். இந்த வடிவம் 10-ஆம் நூற்றாண்டிலேயே சோழ நாட்டில் நிலைபெற்றுவிட்டது, விளக்கம் தரும் நூலோ 13-ஆம் நூற்றாண்டைச் சேர்ந்தது. அப்படியிருக்க, முதலில் வார்த்தவர்களும் வழிபட்டவர்களும் இதே பொருளைத்தான் கண்டார்கள் என்று எப்படிக் கூறுவது என்பது அவர் வாதம். வெற்றி, அழிவு, அரசகுலத்தின் அடையாளம் போன்ற வேறு பொருள்களும் இருந்திருக்கலாம் என்றார். இதே ஐந்தொழில் விளக்கத்தைச் சொல்லும் திருமந்திரத்தைக் காட்டி இதை மறுப்பாரும் உளர். ஆனால் திருமந்திரம் எந்தக் காலத்தது என்பதிலேயே அறிஞர்களுக்குள் உடன்பாடு இல்லை. என் தீர்ப்பு இடைப்பட்டது. ஐந்து உறுப்புக்கு ஐந்து தொழில் என்ற கணக்கு பிற்காலத்தில் திருந்திய வடிவம் பெற்றிருக்கலாம். ஆனால் தூக்கிய பாதத்தின் மேலிருந்த காதல் பிற்காலத்தது அல்ல. 7-ஆம் நூற்றாண்டிலேயே அப்பர் அந்த "எடுத்த பொற்பாதம்" காணப்பெற்றால் மனிதப் பிறவியும் வேண்டத்தக்கதே என்று பாடிவிட்டார். செம்பில் அந்தப் பாதம் உயர்வதற்கு முன்பே பாட்டில் உயர்ந்துவிட்டது.

சில ஆண்டுகளுக்கு முன் மயூர் விகாரிலிருந்து வந்த ஒரு வயதான அம்மாவோடு அந்த அருங்காட்சியகத்துக்குப் போயிருந்தேன். புதுக்கோட்டைப் பக்கம் திருவரங்குளத்திலிருந்து வந்த நடராசர் அங்கே இருந்தார். முற்காலச் சோழர் படைப்பு, சதுர தாண்டவம். கால் குறுக்கே உயர்ந்து நீளாமல், முழங்கால்கள் இரண்டும் இருபுறமும் மடங்கி விரிந்திருக்கும். அந்தத் திருமேனியைப் பற்றி நான் படித்திருந்தேன், குறிப்பும் எடுத்திருந்தேன். ஆனால் அந்த வேறுபாட்டை வெறும் தாண்டவ வகைப் பெயராக மட்டுமே மனத்தில் வைத்திருந்தேன். அந்த அம்மா கைகூப்பினார், கண்ணை மூடினார், திறந்தார். பிறகு தலையைச் சாய்த்து நெடுநேரம் கீழேயே பார்த்துக்கொண்டிருந்துவிட்டு என்னிடம் கேட்டார்: "காலைத் தூக்கலையேப்பா. எடுத்த பொற்பாதம் எங்கே?"

ஐந்தொழில் விளக்கத்தை இந்தத் திருமேனியின்மேல் அப்படியே வைக்க முடியாது என்பதை, அருளுக்கு உரிய பாதத்தைத் தேடிய ஒரு பக்தையின் கண் சில நிமிடங்களில் கண்டுகொண்டது. அவருக்கு அன்று நான் சரியான பதில் சொல்லவில்லை. வீட்டுக்கு வந்த பிறகுதான், உண்மை விளக்கத்துக்கு முந்திய நடராசர்களை அந்த நூல் இல்லாமல் பார்த்தால் என்ன தெரிகிறது என்று முதன்முதலாகக் கேட்டுக்கொண்டேன். உங்கள் அப்பா ஊருக்குக் கிளம்புவதற்குள் இன்னொரு முறை தோழியையும் உடன் அழைத்துக்கொண்டு போய்வாருங்கள். அப்பா கைகூப்பி முடித்த பிறகு, எந்த இடத்தில் அவர் கண் நின்றது என்று தோழியே அவரிடம் கேட்கட்டும்.